கமதாரி ஃபுஜிவாரா ப்ளூரே தொகுப்பு: பிழைகள் குறித்த புகார்

பெறுநர்: மேலாளர், வாடிக்கையாளர் சேவைப் பிரிவு

பொருள்: பிழையான கையேடு, சப்டைட்டில் இல்லாத காட்சி, மாற்றுத் தட்டு கோருதல்

ஐயா / அம்மா,

வணக்கம். கமதாரி ஃபுஜிவாரா நடித்த ஜப்பானியப் படங்களின் தொகுப்பைப் போன மாதம் உங்களிடம் 4,200 ரூபாய்க்கு வாங்கினேன். கதாநாயகர் அல்லாத ஒருவருக்குத் தனித் தொகுப்பு வருவதே அபூர்வம் என்று விலை பார்க்காமல் வாங்கிவிட்டேன்.

கையேட்டின் முதல் பக்கத்தில் ‘ஏழு சாமுராய்களில் ஒருவராக நடித்தவர்’ என்று அச்சிட்டிருக்கிறீர்கள். 1954இல் வந்த, இயக்குநர் அகிரா குரோசாவாவின் ‘ஏழு சாமுராய்’ படத்தில் அவர் சாமுராய் இல்லை, மான்சோ என்ற விவசாயி. ஊரைக் காக்க வரும் சாமுராய்கள் தன் மகள்மேல் கை வைத்துவிடுவார்களோ என்று பயந்து, அவள் முடியை வெட்டி ஆண் வேஷம் போடுகிற அப்பா. பக்கத்தில் இருக்கும் புகைப்படமும் அவருடையது இல்லை. விறகு பிளக்கும் அந்த உருண்டை முகக்காரர், அதே படத்தில் சாமுராயாக நடித்த மினோரு சியாக்கி. 1958இல் வந்த ‘மறைந்த கோட்டை’யில் இருவரும் ஓயாமல் சண்டை போடும் ஜோடியாக நடித்தார்கள், குழம்பியிருப்பீர்கள். சரி, அதை விடுகிறேன்.

1941இல் வந்த ‘குதிரை’ படத்துக்குக் ‘கெய்தா ஃபுஜிவாரா’ என்று வேறொரு நடிகரைக் குறிப்பிட்டிருக்கிறீர்களே, அதை எப்படி விடுவது? அதுவும் இவரேதான். ஏழாம் நூற்றாண்டுப் பெரும் பிரபு ஒருவரின் பெயரை நடிகர் ஒருவர் வைத்துக்கொள்வது அவமரியாதை என்று போர்க்கால அரசு நெருக்கியதால், 1940இல் பெயரை மாற்றிக்கொண்டார். போர் முடிந்த பிறகு பழைய பெயருக்கே திரும்பினார். அவராகவே மீட்டெடுத்த பெயரை நீங்கள் மறுபடி பிடுங்கியிருக்கிறீர்கள்.

ஆனால் இந்தக் கடிதத்தை எழுதவைத்தது 1960இல் வந்த ‘கெட்டவர்கள் நன்றாக உறங்குகிறார்கள்’ படம். அதில் அவர் வாடா என்ற சிறு அதிகாரி. மேலதிகாரிகளின் ஊழலை மறைக்கத் தற்கொலை செய்துகொள்ள எரிமலைக்குப் போகிறவரைக் கதாநாயகன் தொஷிரோ மிஃபுனே தடுத்து, காரில் உட்காரவைத்து, அவர் இறந்துவிட்டதாக நம்பி நடத்தப்படும் சாவுச் சடங்கையே காட்டுகிறார். வெளியே மேலதிகாரிகள் வாடாவின் படத்துக்கு முன்னால் குனிந்து வணங்குகிறார்கள். காருக்குள் டேப் ஓடுகிறது. இரவு விடுதி இசைக்கு நடுவே அதே ஆட்களின் பேச்சும் சிரிப்பும் கேட்கின்றன. அதைக் கேட்கக் கேட்க ஃபுஜிவாராவின் முகம் மாறுவதுதான் காட்சியே. உங்கள் தட்டில் அந்த டேப் குரலுக்கு ஒரு வரிகூட சப்டைட்டில் இல்லை. ஜப்பானிய மொழி தெரியாத என் வீட்டார், “இவர் ஏன் இப்படி விழிக்கிறார்?” என்று கேட்டார்கள்.

உங்கள் சேவை மையத்துக்குப் போன் செய்தேன். “பின்னணிச் சத்தத்துக்கெல்லாம் சப்டைட்டில் போடுவதில்லை சார்” என்றார்கள். அது பின்னணிச் சத்தமா? அப்புறம் இரண்டு மின்னஞ்சல் அனுப்பினேன். பதில் இல்லை.

சப்டைட்டிலைச் சரிசெய்த மாற்றுத் தட்டும் திருத்திய கையேடும் 15 நாட்களுக்குள் அனுப்புங்கள். முடியாவிட்டால் முழுப் பணத்தையும் திருப்பிக் கொடுங்கள். ரசீது நகலும், பிழையுள்ள பக்கங்களின் படங்களும் இணைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளர்