மாலாவுக்கு, அந்த வெள்ளை பேசின் பத்தி

மாலா,

ஆறு மாசமா ஒரு வரி கூட எழுதல, உனக்கு கோவம் இருக்கும், நேர்ல பாக்கும்போது மொத்தமா திட்டிக்கோ. வீட்ல எல்லாரும் நல்லா இருக்காங்க. மூர்த்திக்கு கல்யாணம் ஆயிடுச்சு, அந்த சட்டைய இன்னும் விடலடி.

எழுத உக்காந்தது வேற விஷயத்துக்கு. ரெஜினா ஹோசே கலிந்தோன்னு மத்திய அமெரிக்கால இருக்கற குவாத்தமாலா நாட்டு ஆர்ட்டிஸ்ட், 2003ல அவங்க பண்ண பெர்ஃபார்மன்ஸ் வீடியோவ போன வாரம் பாத்தேன், இன்னும் மனசு அதுலயேதான் நிக்குது. அந்த ஊர்ல 1960லருந்து 1996 வரைக்கும் உள்நாட்டுப் போர், செத்தவங்க காணாம போனவங்கன்னு 2 லட்சம் பேருக்கு மேல, அதுல பெரும்பாலும் அந்த மண்ணோட பூர்வகுடி மாயா ஜனங்க. ரொம்பக் கொடூரமா நடந்தது 1982-83ல, ராணுவப் புரட்சியில ஆட்சியப் புடிச்ச ரியோஸ் மோன்ட்ங்கற ஜெனரல் காலத்துல. அப்படி புரட்சி பண்ணி ஆட்சிக்கு வந்தவன் ஜனாதிபதி தேர்தல்ல நிக்கக் கூடாதுன்னு அவங்க அரசியல் சட்டத்துலயே இருக்கு. இருந்தும் 2003ல கோர்ட்டே அந்த ஆள நிக்கலாம்னு விட்டுடுச்சு. நியூஸ் கேட்டதும் இவங்க ரூமுக்குள்ள கத்தி அழுது கால உதைச்சிருக்காங்க. அப்புறம் அதே காலோட தெருவுல இறங்கிட்டாங்க.

கறுப்பு டிரஸ், வெறுங்கால், கையில ஒரு வெள்ளை பேசின், அது நிறைய மனுஷ ரத்தம். கோர்ட் வாசல்லருந்து தேசிய அரண்மனை வரைக்கும் நடக்கறாங்க. கொஞ்ச தூரம் போறது, பேசின கீழ வைக்கறது, கால நனைக்கறது, மறுபடி தூக்கிட்டு நடக்கறது, அவ்ளோதான், கோஷம் இல்ல அழுகை இல்ல, ஏதோ வீட்டு வேலை பாக்கற மாதிரி நிதானமா பண்றாங்க, எனக்கு அதுதான் தாங்கல. அரண்மனை வாசல்ல போலீஸ் வரிசையா நிக்குது. நேரா அவங்க முன்னாடி போய் பேசின வச்சுட்டு வந்துட்டாங்க. 'தடங்கள யாரால அழிக்க முடியும்?' இதான் அந்தப் படைப்போட பேரே.

உடம்ப வருத்திக்கிட்டா கலையாயிடுமான்னு மாடியில அன்னைக்கு சண்டை போட்டியே, இதப் பாத்துட்டு சொல்லு. 2013ல 'நிலம்'னு ஒண்ணு பண்ணாங்க. துணி இல்லாம புல்வெளியில நிக்கறாங்க, ஒரு பெரிய மண்வெட்டி மெஷின் சுத்தி சுத்தித் தோண்டுது, கடைசில அவங்க நிக்கற துண்டு மண்ணு மட்டும்தான் மிச்சம், ஆள் அசையல. செத்தவங்களப் போட குழி தோண்டினதப் பத்தி ரியோஸ் மோன்ட் வழக்குல வந்த சாட்சியத்துலருந்து பிறந்தது இது. அதே வருஷம் அந்த ஆளுக்கு இனப்படுகொலைக்கும் மனித குலத்துக்கு எதிரான குற்றங்களுக்கும் சேத்து 80 வருஷம் தண்டனை குடுத்தாங்க, பத்தே நாள்ல அது ரத்து. 2018ல, மறுவிசாரணை முடியறதுக்குள்ள ஆளே செத்துட்டான். எனக்கு வயிறு எரியுது மாலா.

இதெல்லாம் உங்கிட்ட ஏன் சொல்றேன்னா, உன் பாட்டியப் பத்தி நீ நடிக்க எழுதின ஸ்கிரிப்ட்தான். அதுல பாட்டி பக்கம் பக்கமா பேசறாங்க. நெஜத்துல அவங்க அந்த ராத்திரியப் பத்தி சாகற வரைக்கும் வாயே திறக்கல, கட்டி வச்ச பெட்டியோட வாசல்லயே உக்காந்திருப்பாங்கன்னு நீதான சொன்ன? வசனத்த எல்லாம் எடுத்துடு. நீ அந்தப் பெட்டியோட வந்து உக்காரு, போதும்.

பெட்டி இன்னும் உங்கிட்டதான இருக்கு? வீடு மாத்தறேன்னு தூக்கிப் போட்டுடாத. ஞாயித்துக்கிழமை கால் பண்றேன், எடு.

உன்,
சுபா