அது ஓய்வு நேரத்துல வரைஞ்சது இல்ல சார்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்,

போன இதழ்ல ஸ்வீடன் கிராமத்து பூ போட்ட அலமாரிங்க பத்தி வந்த கட்டுரை படிச்சேன், போட்டோ எல்லாம் சூப்பர், ஆனா கீழ "விவசாயிகள் ஓய்வு நேரத்தில் தீட்டியவை"ன்னு போட்டிருந்தீங்க பாருங்க, அது உறுத்திக்கிட்டே இருக்கு. நான் ஸ்வீடன்ல டாலர்னாங்கற மாகாணத்துல ஃபாலுன் ஊர்ல குடியிருக்கேன், இங்க இருக்கற டாலர்னா மியூசியத்துல இந்தப் பெயின்டிங் நிறைய இருக்கு, பார்க்காத லீவு நாள் கம்மி.

அது பொழப்பு சார். அந்தக் காலத்துல டாலர்னா மாகாணத்துப் பக்கம் அப்பன் நிலத்த பிள்ளைங்களுக்குப் பிரிச்சுப் பிரிச்சு துண்டு துண்டா ஆயிடுச்சு, அதுல விளையறது வருஷம் முழுக்க காணாது, அதனால அங்க லெக்சாண்ட், ராட்விக்னு ஊர்க்கார ஆளுங்க வேலை தேடி ஊர் ஊரா கிளம்பிடுவாங்க, அதுல ஒரு கூட்டம் பெயின்டருங்க. பிரஷ்ஷையும் கலர் பொடியையும் தூக்கிக்கிட்டு வடக்க இருக்கற ஹெல்சிங்லாந்து மாகாணம் வரைக்கும் நடை. பண்ணை வீட்லயே சாப்பிட்டு, படுத்து, செவரு, அலமாரி, துணிப் பொட்டி எல்லாம் முடிச்சுட்டு அடுத்த வீடு. சாதா பைன் மரப் பலகைய மஹாகனி மாதிரி காட்ட, கலர் பொடிய லேசான பீர்ல குழைச்சு ரேகை ஓட்டி, காஞ்சப்புறம் மேல வார்னிஷ் அடிப்பாங்க. பொழுதுபோக்குக்கு வரையறவன் எதுக்கு சார் இதெல்லாம் கத்துக்கப் போறான்?

அந்தப் பெரிய பெரிய இலையும் பூவும் பொங்கி வழியுதே, அதுக்கு குர்பிட்ஸ்னு பேரு, சுரைக்கா பூசணி வகைக் கொடி. பைபிள்ல வர்ற யோனா தீர்க்கதரிசி தலைக்கு மேல நிழலுக்கு ஆண்டவர் முளைக்க வச்ச செடிதான் அது. பழைய ஸ்வீடிஷ் பைபிள்ல அது குர்பிட்ஸ், எங்கம்மா வச்சிருக்கற தமிழ் பைபிள்ல ஆமணக்குச்செடி! நல்லவேளை அந்த பெயின்டருங்க நம்ம பைபிள படிக்கல. அவங்க வரையற படத்துல பைபிள் ஆளுங்களுக்கும் அந்தக் காலத்து ஸ்வீடன் டிரஸ்தான் மாட்டி விட்டிருப்பாங்க, அது எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

லெக்சாண்ட்ல வின்டர் கார்ல் ஹான்சன்னு ஒரு பெயின்டர், 1777ல பொறந்து 1805லயே போயிட்டார். வின்டர்ங்கறது பண்ணைப் பேரு, அந்தப் பக்கம் அத முன்னால வச்சுத்தான் ஆள கூப்பிடுவாங்க. இப்படி பேரு தெரிஞ்சவங்க கொஞ்சம் பேர்தான், பல பேர் கையெழுத்தே போடல. ஹெல்சிங்லாந்துல கல்யாணம் காட்சிக்குன்னே தனியா ரூம் கட்டி அதுல செவரு பூரா வரையச் சொன்ன பணக்காரப் பண்ணைங்க இருந்துச்சு, அதுல ஏழு வீட்ட 2012ல யுனெஸ்கோ பட்டியல்ல சேர்த்தாங்க. அத ஏன் கட்டுரைல விட்டீங்கன்னு புரியல.

இன்னொண்ணு, ரெண்டாவது போட்டோல அலமாரிக் கதவுல வருஷத்தோட ஒரு பேரு இருக்கே, அத "ஓவியர் பெயர்"னு போட்டிருக்கீங்க. அப்படி கதவுல எழுதறது அனேகமா காசு குடுத்த வீட்டுக்காரர் பேரா இருக்கும் சார், ஒரு தடவை செக் பண்ணிட்டு திருத்தம் போடுங்க.

இப்படிக்கு,
ஃபாலுன்ல இருந்து ஒரு வாசகர்