விளக்க அட்டையில் இன்னொரு வரி வேண்டும்

அமெரிக்க ஓவிய அருங்காட்சியகங்களின் காட்சிப் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம். பத்தொன்பதாம் நூற்றாண்டு அறைகளில், பெண்கள் வரைந்த ஓவியங்களுக்கு அருகே நீங்கள் ஒட்டிவைக்கும் விளக்க அட்டைகளைப் பற்றி ஒரு முறையீடு. இன்னாரின் மகள், இன்னாரின் மனைவி, இன்னாரின் மாணவி என்றுதான் அவை பெரும்பாலும் தொடங்குகின்றன. அந்தப் பெண் யாரிடம் கற்றார் என்பது தவறாமல் வந்துவிடுகிறது. அவர் யாருக்குக் கற்றுக்கொடுத்தார் என்பது மட்டும் வருவதில்லை. நான் பள்ளியில் ஓவியம் கற்பிப்பவள். அதனால் கண்ணில் உறுத்துகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பாஸ்டனின் ஓவியர் ஹெலன் நோல்டனை எடுத்துக்கொள்வோம். ஓவியர் வில்லியம் மோரிஸ் ஹண்ட் 1868இல் அங்கே பெண்களுக்கென்று ஓவிய வகுப்பு தொடங்கினார். பிரான்சில் புகழ்பெற்ற ஓவியர் மில்லேயோடு பழகி வந்தவர் என்பதால் ஊரில் பெரும் மதிப்பு. 1871இல் அந்த வகுப்பு நோல்டனின் கைக்கு வந்தது. ஹண்ட் வந்து பார்த்துத் திருத்தும்போது போகிறபோக்கில் சொன்னவற்றையெல்லாம் நோல்டன் வரைதாள்களின் பின்பக்கத்தில் கிறுக்கி வைத்துக்கொண்டார். 1875இல் அவை நூலாக வெளிவந்தன. இதற்கிடையே, 1872 நவம்பரில் பாஸ்டனைத் தின்ற பெருந்தீயில் ஹண்ட்டின் ஓவியக்கூடம் எரிந்துபோயிருந்தது. 1879இல் ஹண்ட்டும் இறந்தார். ஆசிரியராக ஹண்ட் எப்படிப் பேசினார், எதற்குச் சீறினார், எதைப் பார்க்கச் சொன்னார் என்பதெல்லாம் இன்று நமக்குத் தெரிகிறது என்றால், அந்தப் பின்பக்கக் கிறுக்கல்கள்தான் காரணம். மாணவர்களுக்கான வழிகாட்டி நூல் ஒன்றையும் நோல்டன் எழுதினார். 1899இல் ஹண்ட்டின் வாழ்க்கை வரலாற்றையும் அவரே எழுதினார். வகுப்பை நடத்தியவர், பாடத்தைப் பதிவுசெய்தவர், ஆசிரியரின் வரலாற்றையும் எழுதியவர். இத்தனைக்கும் பிறகு அவரை "ஹண்ட்டின் மாணவி" என்று மட்டும் சொல்லி நிறுத்திவிடுவது என்ன நியாயம்?

அவருடைய வகுப்பிலிருந்து எல்லன் டே ஹேல் வந்தார். பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில் இருக்கிறதே, 1885இல் வரைந்த தன்னுருவ ஓவியம், அதே ஹேல்தான். கறுப்பு உடையில் இறகு விசிறியைப் பிடித்துக்கொண்டு, சிரிக்கவும் செய்யாமல் வெட்கப்படவும் செய்யாமல் பார்ப்பவரை நேரே பார்க்கும் முகம். அதே 1885இல் ஹேலுக்கு, உலோகத் தகட்டில் அமிலத்தால் கோடுகளை அரித்து அச்சிடும் எச்சிங் முறையைச் சொல்லிக்கொடுத்தவர் பிலடெல்பியாவின் கேப்ரியல் கிளமென்ட்ஸ். அவர் பிறகு பால்டிமோரில் பெண்கள் பள்ளியொன்றில் ஓவிய ஆசிரியையானார். நோல்டனிடமிருந்து ஹேலுக்கு, கிளமென்ட்ஸிடமிருந்தும் ஹேலுக்கு: பெண்ணிடமிருந்து பெண்ணுக்குக் கைமாறிய தொழில் இது. ஆண்களின் பெயர்களை மட்டும் கோத்துப் படித்தால் இந்தச் சங்கிலி கண்ணுக்கே படாது.

அவர்கள் எல்லாரும் ஆசைப்பட்டுத்தான் கற்பித்தார்கள் என்று நான் சொல்லவரவில்லை. பலருக்கு அது வீட்டு வாடகை. ஆனால் அந்த வேலை எங்கிருந்து வந்தது என்பதும் ஒரு கதை. தொழிற்சாலைத் துணிகளுக்கும் சுவர்த்தாள்களுக்கும் வடிவமைக்க ஆள் வேண்டும் என்று முதலாளிகள் குரல் எழுப்பினார்கள். 1870இல் மாசசூசெட்ஸ் மாநிலம் ஒரு சட்டம் கொண்டுவந்தது: பத்தாயிரம் பேருக்கு மேல் வாழும் ஊர்களெல்லாம் பதினைந்து வயதைக் கடந்தவர்களுக்கு இலவசமாகத் தொழில்சார் வரைகலை கற்பிக்க வேண்டும். கற்பிக்க யார் இருக்கிறார்கள்? அதற்காகவே 1873இல் பாஸ்டனில் ஓவிய ஆசிரியர் பயிற்சிப் பள்ளி திறந்தது. பெண்கள் திரண்டு சேர்ந்தார்கள். அந்த வகுப்பறைகளின் வரைபயிற்சித் தாள்கள் ஓவியமாக மதிக்கப்பட்டதில்லை. மதிக்க வேண்டும் என்றும் கேட்கவில்லை. ஒரு கண்ணாடிப் பெட்டியிலாவது வையுங்கள் என்கிறேன்.

பிலடெல்பியாவுக்கு வருவோம். பென்சில்வேனியா நுண்கலை அகாதெமி 1805இல் தொடங்கியது. பெண்கள் பிளாஸ்டர் வார்ப்புச் சிலைகளைப் பார்த்து வரைய நேரம் ஒதுக்கப்பட்டது 1844இல். ஆடையற்ற மாடலைப் பார்த்து வரையும் பெண்கள் வகுப்பு வந்தது 1868இல், அதுவும் பெண் மாடலை வைத்து. 1886இல் அங்கே ஆசிரியராக இருந்த ஓவியர் தாமஸ் ஏக்கின்ஸ் மாணவியர் இருந்த வகுப்பில் ஆண் மாடலின் இடைத்துணியை அகற்றினார், வேலை போயிற்று. இதைக் கொள்கைக்காகப் பதவியை இழந்த கலைஞனின் கதையாகவே சொல்லிப் பழகிவிட்டோம். அந்த வகுப்பில் வரைபலகையோடு உட்கார்ந்திருந்த பெண்களுக்கு அந்தக் கதையில் பெயர் இல்லை. ஆலிஸ் பார்பர் ஸ்டீவன்ஸ் 1879இல் அந்தப் பெண்கள் வகுப்பையே ஓர் ஓவியமாகத் தீட்டி வைத்திருக்கிறார். நிற்கும் மாடலைச் சுற்றித் தலை நிமிராமல் வேலை பார்க்கும் பெண்கள். ஆலிஸும் பின்னாளில் ஆசிரியையானார்.

எங்கே என்றால், அதே நகரத்தின் பெண்கள் வடிவமைப்புப் பள்ளியில். சாரா வொர்திங்டன் பீட்டர் 1848இல் தன் வீட்டிலேயே தொடங்கிய பள்ளி அது. பிழைப்புக்கு வழி தேடிய பெண்களுக்கு மரச்செதுக்கு அச்சும் துணி வடிவமைப்பும் கற்பித்தது. ஏக்கின்ஸ் வெளியேறிய அதே 1886இல் எமிலி சார்ட்டெய்ன் அந்தப் பள்ளிக்கு முதல்வரானார். மெசோடின்ட் என்னும் உலோகத் தகட்டு அச்சுமுறையைத் தந்தையிடமும் எண்ணெய் வண்ணத்தைப் பாரிஸிலும் கற்றவர். இளம் வயதில், பின்னாளில் பெரும்புகழ் பெற்ற ஓவியர் மேரி கசாட்டோடு இத்தாலிக்குப் பயணம் போனவர். முப்பது ஆண்டுகளுக்கு மேல் அந்த நாற்காலியில் இருந்தார். உயிருள்ள மாடலைப் பார்த்து வரையும் வகுப்பை அங்கே கொண்டுவந்தவர் அவரே. ஊரெல்லாம் ஏக்கின்ஸின் விவகாரத்தைப் பேசிக்கொண்டிருக்க, சற்றுத் தள்ளி ஒரு பெண் அதே பாடத்தைக் கால அட்டவணையில் சேர்த்துக்கொண்டிருந்தார். எனக்கு அவரைத்தான் கூடுதலாகப் பிடிக்கிறது. கசாட்டின் ஓவியங்களுக்கு நீங்கள் சுவர் சுவராக ஒதுக்குகிறீர்கள், நல்லதுதான். அவரோடு புறப்பட்டுப் போய், திரும்பி வந்து பள்ளி நடத்தியவரையும் அதே அறையில் ஓர் அட்டையிலாவது சொல்லலாம்.

"முதல் பெண்" என்ற பட்டத்திலும் கொஞ்சம் கவனம் தேவை. ஓவியர் சிசிலியா போ 1895இல் பென்சில்வேனியா அகாதெமியின் முதல் முழுநேரப் பெண் ஆசிரியரானார். உண்மை. இளம் வயதில் அவர் பீங்கான் தட்டுகளில் படம் வரைந்தார். புதைபடிவ எலும்புகளை ஆராய்ச்சிக்காகக் கல்லச்சில் வரைந்து கொடுத்தும் சம்பாதித்தார். ஆனால் அவருக்குத் தொடக்கத்தில் கற்றுக்கொடுத்த கேத்தரின் டிரிங்கர் 1870களின் பிற்பகுதியிலேயே அதே அகாதெமியில் கண்ணோட்டக் கோணம், அதாவது தாளில் தொலைவையும் ஆழத்தையும் காட்டும் முறை, கற்பித்திருக்கிறார். "முழுநேர" என்ற ஒரு சொல்லால் டிரிங்கர் வரலாற்றிலிருந்து நழுவிவிடுகிறார். சிசிலியாவின் ஓவியத்தருகே டிரிங்கரின் பெயர் இருப்பதால் சிசிலியாவுக்கு என்ன குறைந்துவிடப்போகிறது?

இதுவரை நான் சொன்ன எல்லாரும் வெள்ளையர்கள். அகாதெமிகளின் பதிவேடுகளை மட்டும் புரட்டினால் அப்படித்தான் ஆகும். சாரா மேப்ஸ் டக்ளஸை அங்கே தேடிப் பயனில்லை. பிலடெல்பியாவின் சுதந்திரமான கறுப்பினக் குடும்பமொன்றில் 1806இல் பிறந்தவர். அடிமை ஒழிப்புக்காகப் பாடுபட்டவர். கறுப்பினக் குழந்தைகளுக்குப் பள்ளி நடத்தியவர். 1853 முதல் கறுப்பின இளைஞர்களுக்கான கல்வி நிலையத்தில் பணியாற்றினார். பெண்களுக்கு உடற்கூறும் சுகாதாரமும் சொல்லிக்கொடுத்தார். தோழியரின் நட்பு ஆல்பங்களில் அவர் தீட்டிய நீர்வண்ண மலர்கள், கையொப்பத்தோடு நமக்குக் கிடைத்திருக்கும் கறுப்பினப் பெண்கள் வரைந்த ஓவியங்களில் மிகப் பழையவையாகக் கருதப்படுகின்றன. அவை பிலடெல்பியாவின் லைப்ரரி கம்பெனியில் இருக்கின்றன, அதாவது ஒரு நூலகத்தில். பூவும் அதன்கீழ் அழகெழுத்தில் நான்கு வரியும் என்றால் அது பெண்களின் பொழுதுபோக்கு, ஓவியக்கூடச் சுவருக்கு உரியதல்ல என்ற பிரிவினை எப்படி வந்தது என்று உங்களுக்குத் தெரியாததல்ல. இன்னொன்றும் தெரிந்திருக்கும்: 1890இல் வாஷிங்டனின் கார்கரன் கலைப்பள்ளி ஆனி வாக்கர் அனுப்பிய ஓவியத்தைப் பார்த்து இடம் கொடுத்தது, நேரில் வந்தவர் கறுப்பினப் பெண் என்று கண்டதும் மறுத்துவிட்டது. கறுப்பினத் தலைவர் ஃபிரெடரிக் டக்ளஸ் பரிந்து பேசியும் பலிக்கவில்லை. வாக்கர் நியூயார்க்கின் கூப்பர் யூனியனில் படித்து முடித்தார்.

நான் கேட்பது பெரிய செலவில்லை. ஓவியர் கற்பித்திருந்தால், எங்கே, எத்தனை ஆண்டு, யாருக்கு என்று விளக்க அட்டையில் ஒரு வரி. சேமிப்பறைகளில் கிடக்கும் வகுப்புக் குறிப்பேடுகள், வரைபயிற்சித் தாள்கள், ஆல்பங்கள் ஆகியவற்றில் சிலவற்றை ஓவியங்களுக்குப் பக்கத்திலேயே காட்சிக்கு வையுங்கள். "கல்வி" என்று பெயர் போட்டுத் தனி மூலைக்குத் தள்ளாதீர்கள். இணையப் பட்டியல்களில் "ஆசிரியர்" என்ற புலம் இருந்தால் "மாணவர்கள்" என்ற புலத்தையும் சேர்த்துவிடுங்கள். நோல்டனைத் தேடுபவருக்கு ஹேல் கிடைக்க வேண்டும்.

அட்டையில் இடம் போதாது என்பீர்கள். சூசன் மெக்டவலின் அட்டையில் முதலில் கைவைத்துப் பாருங்கள். திருமணத்துக்கு ஐந்து ஆண்டுகள் முன்பே, 1879இல், சிறந்த பெண் ஓவியருக்கான மேரி ஸ்மித் பரிசு முதன்முறை வழங்கப்பட்டபோது அதைப் பெற்றவர் அவர். "ஏக்கின்ஸின் மனைவி" என்பதை இரண்டாம் பத்திக்கு இறக்கினாலே முதல் வரிக்கு இடம் கிடைத்துவிடும்.

இப்படிக்கு,
பள்ளி ஓவிய ஆசிரியை ஒருவர்