படம் வராததற்கு ப்ளக்இன் காரணமில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

கம்ப்யூட்டரில் சாட்டிலைட் டியூனர் போட்டு டிவி பார்ப்பவர்கள், படம் வராவிட்டால் உடனே ப்ளக்இன்னைத்தான் (டிவி மென்பொருளோடு சேர்க்கும் துணை நிரல்) சந்தேகப்படுகிறார்கள். 'எல்லா சேனலும் திறக்கும்' என்று விற்கப்படுவதைக் காசு கொடுத்து வாங்குகிறவர்களும் உண்டு. டிடி ஃப்ரீ டிஷ்ஷில் பூட்டில்லாமல் வரும் சேனல்களுக்கு அது எதற்கு?

முதலில் மொட்டை மாடிக்குப் போங்கள். அந்தச் சேனல்களை அனுப்பும் ஜிசாட்-15 செயற்கைக்கோள் இருப்பது கிழக்கு 93.5 டிகிரியில். ராயபுரம், தண்டையார்பேட்டையிலிருந்து திசைகாட்டியில் 134 டிகிரி, அதாவது தென்கிழக்கு. அண்ணாந்து பார்க்கும் கோணம் சுமார் 68 டிகிரி. இவ்வளவு செங்குத்தாக என்பதால் நெருக்கமான சந்திலும் எதிர்வீட்டு மாடி பெரும்பாலும் மறைக்காது. ஆஃப்செட் டிஷ்ஷின் (சிக்னல் வாங்கும் முனை நடுவில் இல்லாமல் கீழே தள்ளியிருப்பது) தட்டு அவ்வளவு நிமிர்ந்து தெரியாது, குழம்ப வேண்டாம்.

மென்பொருளில் யுனிவர்சல் எல்.என்.பி. (டிஷ்ஷின் முன்னால் சிக்னலை வாங்கும் முனை) தேர்ந்தெடுத்து 9750, 10600, ஸ்விட்ச் 11700 என்று கொடுத்துவிட்டு, அலைவரிசை 11550, வெர்ட்டிக்கல், சிம்பல் ரேட் 29500 என்ற ஒன்றை மட்டும் ஸ்கேன் செய்யுங்கள். ஸ்ட்ரெங்த் எவ்வளவு காட்டினாலும் குவாலிட்டி பூஜ்யம் என்றால் டிஷ் வேறெங்கோ பார்க்கிறது. ஸ்ட்ரெங்த்தே இல்லையா? எல்.என்.பி.க்கு 13 அல்லது 18 வோல்ட் போகவில்லை. யு.எஸ்.பி. டியூனரோடு வந்த அடாப்டரைச் செருகாமல் விட்டால் இப்படித்தான் ஆகும்.

காசிமேடு, திருவொற்றியூர் பக்கம் இன்னொரு தொல்லை உப்புக்காற்று. கேபிள் முனையில் உள்ள எஃப் கனெக்டரைக் கழற்றினால் நடுக்கம்பி பச்சைக் களிம்பு பிடித்திருக்கும். சுரண்டிப் பயனில்லை. பளபளப்பான செம்பு தெரியும்வரை கேபிளை வெட்டி, புதுக் கனெக்டர் மாட்டி, மழைநீர் இறங்காதபடி ரப்பர் டேப் சுற்ற வேண்டும்.

சேனல் பட்டியல் வந்தபிறகுதான் ப்ளக்இன் பேச்சே. நேரம் குறித்துப் பதிவு செய்ய, நிகழ்ச்சி அட்டவணையைச் சேமிக்க எல்லாம் நல்ல ப்ளக்இன்கள் இருக்கின்றன. ஃபோல்டரில் போட்டும் மெனுவில் தலைகாட்டவில்லை என்றால், 64 பிட் மென்பொருளில் 32 பிட் டி.எல்.எல். (ப்ளக்இன் கோப்பு) போட்டிருக்கிறீர்களா என்று பாருங்கள். அது ஏறவே ஏறாது. மென்பொருளின் 32 பிட் பதிப்பை நிறுவினால் தீர்ந்தது. 64 பிட் விண்டோஸிலும் அது ஓடும். ஒரு நேரத்தில் ஒரு ப்ளக்இன் மட்டும் சேருங்கள், எது கெடுக்கிறது என்று தெரியும். ஒலி வந்து திரை கருப்பாகவே இருந்தால் கோளாறு பெரும்பாலும் வீடியோ டிகோடரில், எல்.ஏ.வி. ஃபில்டர்ஸ் என்ற டிகோடர் இலவசமாகவே கிடைக்கிறது. லினக்ஸில் டிவிஹெட்எண்ட் (Tvheadend) என்ற டிவி சர்வரும் கோடி (Kodi) என்ற பிளேயரும் வைத்திருப்பவர்கள், இரண்டையும் இணைக்கும் கோடி ஆட்ஆனில் எச்.டி.எஸ்.பி. (HTSP) போர்ட்டுக்கு 9982 கொடுக்க வேண்டும். 9981 பிரவுசருக்கானது.

கட்டணச் சேனலைத் திறப்பதாக விற்கப்படும் ப்ளக்இன், வேறொருவர் சந்தா கார்டின் சாவியை இணையம் வழியே வாங்கித் தருவது. பூட்டை இப்படி உடைப்பது பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-ல் சேர்த்த 65ஏ பிரிவின்படி இரண்டு ஆண்டு வரை சிறைக்குரிய குற்றம். 'ஆன்டிவைரஸை அணைத்துவிட்டுப் போடுங்க' என்று சொல்லித் தருகிற கோப்பில் வேறென்ன ஒளிந்திருக்கிறது என்பது விற்பவருக்கே தெரியாது.

இப்படிக்கு,
சாட்டிலைட் டிவி மெக்கானிக்குகள்,
பழைய வண்ணாரப்பேட்டை, சென்னை