அரண்மனைக்காரன் தெருவில் ஏது அரண்மனை?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் பாரிமுனைத் தெருக்கள் பற்றிய கட்டுரையில், முன்னொரு காலத்தில் அரண்மனை இருந்ததால் அரண்மனைக்காரன் தெரு எனப் பெயர் வந்ததாகப் போட்டிருக்கிறீர்கள். ஆண்டர்சன் தெருவில் ஒரு பேப்பர் கடையில் 31 வருஷம் கணக்கு எழுதியவன் நான். பீச் ஸ்டேஷனில் இறங்கி, தம்புச் செட்டித் தெருவைத் தாண்டி, அந்தத் தெருவை மிதிக்காமல் வேலைக்குப் போனதில்லை. எந்த அரண்மனையும் என் கண்ணில் படவில்லை. மதுரையிலிருந்து வந்த என் மாமனாரும் ஒருமுறை, "அரண்மனை எங்கே மாப்பிள்ளை?" என்று கேட்டார். திருமலை நாயக்கர் மகாலைப் பார்த்து வளர்ந்தவர், கேட்கலாம். பத்திரிகை கேட்கலாமா?

ஆர்மீனியன் தெரு என்பதுதான் நம் வாயில் அரண்மனைக்காரன் ஆனது. ஹாமில்டன் வாராவதியை அம்பட்டன் வாராவதியாக்கி, அதை மறுபடி ஆங்கிலத்தில் பார்பர்ஸ் பிரிட்ஜ் ஆக்கிய ஊர் இது. தங்களுக்குத் தெரியாததா?

1712இல் சென்னையில் கிறிஸ்தவக் கோயில் கட்டி, 1772இல் அந்தத் தெருவில் மறுபடி எழுப்பியவர்கள் ஆர்மீனியர்கள். கல்லறைக் கற்கள் பாவிய முற்றமும் ஆறு மணிகள் தொங்கும் கோபுரமும் இன்றும் இருக்கின்றன. அவர்களில் ஒருவரான உஸ்கான்தான் 1726இல் சைதாப்பேட்டையில் அடையாற்றின் மேல் சொந்தப் பணத்தில் பாலம் கட்டினார். உலகின் முதல் ஆர்மீனிய மொழிப் பத்திரிகை 'அஸ்தரார்' 1794இல் வெளிவந்ததும் நம் சென்னையில்தான். அதை நடத்திய பாதிரியார் ஷ்மாவோனியன் அந்த முற்றத்திலேயே புதைக்கப்பட்டிருக்கிறார். பத்திரிகைக்காரர்களான நீங்களே அவரை விட்டுவிட்டால் வேறு யாரிடம் போய்ச் சொல்வது!

'நெரிசலைத் தவிர இன்று பார்க்க ஒன்றுமில்லை' என்று வேறு எழுதியிருக்கிறது. செவ்வாய்க்கிழமை அந்தோணியார் கோயிலில் மெழுகுவர்த்தியோடு நிற்கும் கூட்டத்தில் எல்லா மதத்தாரும் உண்டு. மாடிப்படி இருட்டில் கட்சிக்காரரைத் தேடும் வக்கீல் குமாஸ்தாக்கள் உண்டு. அதே தெருவில், அன்னி பெசன்ட் அம்மையார் ஹோம் ரூல் என்று சுயாட்சி பேசிய கோகலே மண்டபம் பாதி இடிபட்ட நிலையில் வருஷக்கணக்காக நின்றதே, அப்போது உங்கள் நிருபர் எங்கே போயிருந்தார்? அந்த மண்டபம் பற்றி நான் எழுதிய கடிதத்தைப் போட்டீர்கள், மறுக்கவில்லை. முக்கியமான பத்தியை வெட்டிவிட்டு, 'பாராட்டுக்கள்' என்ற கடைசி வரியை மட்டும் பத்திரமாக வைத்திருந்தீர்கள். சரி, அது பழைய கதை.

இப்போதைய சங்கடம் வீட்டில்தான். விஷயத்தைச் சொன்னால் என் பேரன், "பேப்பர்லயே போட்டிருக்கு தாத்தா, நீங்க சும்மா இருங்க" என்கிறான்.

ஆகவே இரண்டு வரித் திருத்தம் போடுங்கள். பெரிய எழுத்தில் வேண்டாம், வரி விளம்பரங்களுக்கு நடுவே என்றாலும் சம்மதம். வெட்டி எடுத்து அவனிடம் காட்டத்தான்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற கணக்குப்பிள்ளை,
பழைய வண்ணாரப்பேட்டை.