புதிய கல்வியாண்டு: பெற்றோருக்கு அதிபரின் கடிதம்

அன்புள்ள பெற்றோருக்கு, வணக்கம்.

சனிக்கிழமைத் தமிழ் வகுப்புகள் மறுபடி தொடங்கிவிட்டன. வாரம் முழுக்க வேலைக்கு ஓடிவிட்டு, சனிக்கிழமையும் விடிய எழுந்து பிள்ளைகளைக் கூட்டி வருகிறீர்கள். முதலில் அதற்கு நன்றி.

கனடாவின் ஒன்ராறியோ மாகாண அரசு 1977இல் பாரம்பரிய மொழித் திட்டத்தைத் தொடங்கியது. போதிய எண்ணிக்கையில் மாணவர்களின் பெற்றோர் எழுத்தில் கேட்டால், கல்விச் சபை அந்த மொழிக்கு வகுப்பு நடத்த வேண்டும். வாரத்துக்கு இரண்டரை மணி நேரம் வரை. ஆகவே தமிழ் வகுப்புக்காக நீங்கள் நிரப்பித் தரும் படிவத்தைச் சின்ன விஷயமாக நினைக்காதீர்கள்.

செப்டம்பர் 30 உண்மைக்கும் நல்லிணக்கத்துக்குமான தேசிய நாள். விடுதிப் பள்ளிகளில் துன்பப்பட்ட பூர்வகுடிப் பிள்ளைகளை நினைவுகூரும் நாள் அது. அதற்கு முந்திய சனிக்கிழமை எல்லாப் பிள்ளைகளும் ஒரேஞ்ச் நிறச் சட்டை போட்டு வரட்டும். ஏன் என்று கேட்பார்கள், சொல்லுங்கள். பிரான்ட்ஃபோர்ட் நகரில் மோஹாக் இன்ஸ்டிடியூட் என்ற விடுதிப் பள்ளியின் கட்டிடம் இன்றும் நிற்கிறது. பூர்வகுடிப் பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்து அங்கே வைத்தார்கள். தாய்மொழியில் பேசினால் தண்டனை. 1970இல்தான் மூடினார்கள். அங்கே பேசப் பயந்து வளர்ந்த பலர் தங்கள் பிள்ளைகளோடும் அந்த மொழியைப் பேசவில்லை. சிறியவர்களுக்கு வயதுக்கேற்றபடி சொல்லுங்கள், ஆனால் மறைக்காதீர்கள்.

அப்புறம் நடந்ததையும் சொல்லுங்கள். எனக்கு அதுதான் பெரிது. அந்தப் பள்ளிக்குப் பக்கத்தில், சிக்ஸ் நேஷன்ஸ் என்ற பூர்வகுடிப் பகுதியில், அவர்களுடைய மொழிகளில் ஒன்றான மோஹாக்குக்கு 1999 முதல் முழுநேர வகுப்பு நடக்கிறது. அது வயது வந்தவர்களுக்கான வகுப்பு. அங்கே படித்தவர்களில் சிலர் இப்போது கைக்குழந்தையிடமே மோஹாக்கில் பேசுகிறார்கள். பள்ளியில் பாடமாக இருந்தால் மட்டும் போதாது, சமையலறையிலும் பேச ஆள் வேண்டும் என்பது அவர்களுக்குத் தெரியும்.

நம்மை யாரும் தடுக்கவில்லை. ஆனாலும் வகுப்பு விட்டதும் வாசலில் பார்க்கிறேன். "இண்டைக்கு என்ன படிச்சனீங்கள், ராசா?" என்று அம்மம்மா கேட்கிறார். பிள்ளை ஆங்கிலத்தில் பதில் சொல்கிறது. அம்மா நடுவில் நின்று மொழிபெயர்க்கிறார். தயவுசெய்து கொஞ்சம் பொறுங்கள். பிள்ளை தடுமாறியாவது தமிழில் சொல்லி முடிக்கட்டும். ஆங்கிலம் பின்தங்கிவிடும் என்ற பயம் வேண்டாம், இந்த ஊரில் அது தானாக வரும்.

நாலாம் வகுப்புக்கு இந்த மாத வீட்டுப்பாடம்: வீட்டில் புட்டு அவிக்கும்போது, மா குழைத்துக் கொத்துவதிலிருந்து நீத்துப்பெட்டியை இறக்கும்வரை, பிள்ளை தமிழில் கேள்வி கேட்டுப் போனில் பதிவு செய்ய வேண்டும். இரண்டு நிமிடம் போதும். நீங்கள் திருத்த வேண்டாம்.

உயர்நிலைப் பள்ளிக்குப் போகிறவர்கள் தமிழைக் கிரெடிட் பாடமாக எடுக்கலாம். ஒன்ராறியோ பாடத்திட்டத்தில் ஒஜிப்வே, கிரீ, மோஹாக், ஒனைடா ஆகிய பூர்வகுடி மொழிகளும் உண்டு. உங்கள் பிள்ளையின் பள்ளியில் அவற்றில் ஒன்று நடந்து, பிள்ளைக்கும் ஆசை இருந்தால், "அதைப் படித்து என்ன பயன்?" என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். தமிழைப் பற்றி அப்படி யாராவது கேட்டால் நமக்கு எப்படி வலிக்கும்!

படிவங்களை அடுத்த சனிக்கிழமைக்குள் வகுப்பாசிரியரிடம் கொடுங்கள்.

அன்புடன்,
அதிபர்