அன்ரியல் டோர்னமென்ட்டைக் காப்பாற்றி வைத்திருப்பவர்களுக்கு

பழைய அன்ரியல் கேம்களைப் பராமரிக்கும் ரசிகர்களான ஓல்ட்அன்ரியல் குழுவினருக்கும், இன்றும் சொந்தக் காசில் சர்வர் நடத்துகிற எல்லோருக்கும் வணக்கம்.

1999-இல் வந்த அன்ரியல் டோர்னமென்ட் என்ற ஷூட்டர் கேம் இன்று என் லேப்டாப்பில் ஒழுங்காக ஓடுகிறது என்றால், அது உங்கள் உழைப்பு. கேமை வெளியிட்ட எபிக் நிறுவனம் அதிகாரப்பூர்வமாக விட்ட கடைசி பேட்ச் (பிழைகளைத் திருத்திய பதிப்பு) 436. அதன்பின் அவர்களிடம் அனுமதி வாங்கி 451 வரை கொண்டுவந்தது யூடிபிஜி என்ற ரசிகர் குழு. அங்கிருந்து 469-க்குக் கொண்டுவந்தவர்கள் நீங்கள்.

அந்த 469 இல்லாமல் புது கம்ப்யூட்டரில் ஆடிப் பார்த்தவர்களுக்குத்தான் அதன் அருமை தெரியும். கேமை இயக்கும் பழைய இன்ஜின், பிராசஸரின் வேகத்தை வைத்தே நேரத்தைக் கணக்கிட்டது. இன்றைய பிராசஸர்களோ வேகத்தைத் தாமாகவே கூட்டிக் குறைத்துக்கொள்பவை. அதனால் டெக்16 என்ற மேப்பில் (ஆடுகளத்தில்) கால் வைத்ததுமே எல்லோரும் தலைதெறிக்க ஓடுவார்கள். ராக்கெட் கிளம்பியது தெரிவதற்குள் நாம் செத்திருப்போம். உங்கள் பேட்ச்சைப் போட்டதும் கைக்குப் பழகிய அதே வேகம் திரும்பியது. லினக்ஸிலும் மேக்கிலும்கூட ஓடுகிறது.

2022 டிசம்பரில் இந்த கேம் ஆன்லைன் கடைகளிலிருந்து நீக்கப்பட்டது; அடுத்த மாதமே, ஓடுகிற சர்வர்களின் பட்டியலைத் தருகிற எபிக்கின் மாஸ்டர் சர்வரும் நின்றது. ஆனாலும் சர்வர் பட்டியல் காலியாகவில்லை. 333நெட்வொர்க்ஸ் போன்றவர்கள் தங்கள் மாஸ்டர் சர்வர்களை ஏற்கெனவே நடத்திக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்குத் தனியாக ஒரு கும்பிடு.

2024-இல் எபிக்கின் சம்மதத்தோடு நீங்கள் தந்த இன்ஸ்டாலரைத்தான் நான் எல்லாவற்றுக்கும் மேலாகச் சொல்வேன். இணைய நூலகமான இன்டர்நெட் ஆர்க்கைவிலிருந்து கேமின் சிடி பிரதியை அதுவே இறக்கி, பேட்ச்சையும் போட்டுத் தந்துவிடுகிறது. யாரோ சுருக்கி வைத்த ஃபைலை வைரஸ் பயத்தோடு திறக்க வேண்டியதில்லை. பள்ளிப் பையன்களுக்குக் கூச்சமில்லாமல் கொடுக்க முடிகிறது.

மேப்களைச் சுமக்கிறவர்களையும் மறக்க முடியாது. நம்மிடம் இல்லாத மேப் ஓடுகிற சர்வரில் நுழைந்தால், சுருக்கிய யுஇசட் ஃபைலாக அது தானே இறங்கி, தானே விரிந்துகொள்கிறது. இருபது வருஷத்துக்கு முன் யாரோ வரைந்த மேப் அது. அந்த ஃபைல்களை இத்தனை காலம் அழியாமல் வைத்திருந்து, டவுன்லோடு செலவையும் ஏற்கிறவர்கள் பெயரைக்கூடப் போட்டுக்கொள்வதில்லை.

எனக்கு சி++ நிரல்மொழி தெரியாது. இன்ஸ்டால் செய்யும் முறையைத் தமிழில் எழுதி, கேட்கிறவர்களுக்கெல்லாம் கொடுத்துவருகிறேன். பிழை கண்டால் விவரத்தோடு உங்களுக்கு எழுதுகிறேன்.

மிக்க நன்றி.

அன்புடன்,
உங்கள் ஆட்டக்காரர்களில் ஒருவன்